கேளா ஒலியை மாயமாக வைத்துக் கதை எழுதுவோருக்கு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காதுக்கு எட்டாத உயர்ந்த ஒலியை மாயத் தொழில்நுட்பமாக வைத்து மிகுபுனைவு எழுத விரும்புகிறவர்கள் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறேன். நானும் அப்படி ஓர் உலகத்தை நெடுநாளாகக் கட்டி வருகிறேன். அங்கே மந்திரச் சொல் கிடையாது. ஊதுகுழலும் படிகக்கல்லும் உலோகத் தகடும், அவற்றை அதிரவைக்கத் தெரிந்த மனிதர்களும்தான் இருக்கிறார்கள். உண்மையான ஒலியியல் எவ்வளவு தூரம் நம்மைக் கூட்டிக்கொண்டு போகும், எந்த இடத்தில் கையை விட்டுவிடும் என்று பார்த்துப் பார்த்துச் சேர்த்த விடைகள் இவை.

கேளா ஒலி என்று எதைச் சொல்கிறோம்?

மனிதக் காது ஏறக்குறைய 20 முதல் 20,000 ஹெர்ட்ஸ் வரை, அதாவது நொடிக்கு அத்தனை அதிர்வுகள் வரை கேட்கும். அதற்கு மேலே போனால் மீயொலி. கதை எழுதுகிறவர் முதலில் மனதில் வைத்துக்கொள்ள வேண்டியது அலைநீளத்தை. சாதாரண வெப்பநிலையில் காற்றில் ஒலி நொடிக்குச் சுமார் 343 மீட்டர் செல்லும். 20,000 ஹெர்ட்ஸில் ஓர் அலையின் நீளம் 1.7 செ.மீ., 40,000 ஹெர்ட்ஸில் 8.6 மி.மீ. இவ்வளவு குட்டையான அலை என்பதால்தான் அதை ஒளிக்கற்றை போல ஒரே திசையில் செலுத்த முடிகிறது, நுண்ணிய பொருளின் எதிரொலியைக்கூடப் பிடிக்க முடிகிறது. ஓர் உள்ளங்கையை நடுவில் நீட்டினாலே அது தடைபட்டுவிடுவதற்கும் இதே குட்டையான அலைநீளம்தான் காரணம். கீழே வரும் விடைகளில் பெரும்பாலானவை இந்த ஓர் எண்ணிலிருந்து பிறப்பவை.

இது வெறும் அறிவியல்தானே, மாயம் என்று எப்படிச் சொல்வது?

1793-இல் இத்தாலியரான ஸ்பல்லான்சானி ஒரு கும்மிருட்டு அறைக்குள் ஆந்தையையும் வௌவாலையும் பறக்கவிட்டுப் பார்த்தார். ஆந்தை தடுமாறியது, வௌவால் தடுமாறவில்லை. பார்வையைப் பறித்த பிறகும் வௌவால் எதிலும் மோதாமல் பறந்தது. அடுத்த ஆண்டு ழுரீன் என்ற சுவிட்சர்லாந்துக்காரர் வௌவாலின் காதை அடைத்தார். உடனே அது கண்ட இடத்தில் மோதி விழுந்தது. காதால் பார்க்கிறது என்பது தெரிந்துவிட்டது, ஆனால் எந்த ஒலி என்பது தெரியவில்லை. அந்த அறையில் யாருக்கும் எதுவும் கேட்கவில்லை! 1938-இல் கிரிஃபின் என்ற மாணவர் உயர் அதிர்வெண்ணை உணரும் கருவிக்கு முன்னால் வௌவால்களைக் கொண்டுபோய் வைக்கும் வரை விடை கிடைக்கவில்லை.

ஏறத்தாழ 145 ஆண்டுகள். காரியம் கண்முன்னே நடக்கிறது, காரணம் மட்டும் புலனுக்குத் தட்டுப்படவில்லை. அந்த நிலையில் வாழ்கிற மக்களுக்கு அது மாயம்தான். உங்கள் உலகத்தை அந்த இடைவெளியில் நிறுத்துங்கள்.

மின்சாரம் இல்லாத உலகத்தில் இந்த ஒலியை எப்படி உண்டாக்குவது?

குழல் போதும். 1876-இல் பிரான்சிஸ் கால்ட்டன் என்ற ஆங்கில அறிவியலாளர் மிகச் சிறிய ஊதுகுழல் ஒன்றைச் செய்தார். உள்ளே இருக்கும் காற்றுப் புழையின் நீளத்தைத் திருகியால் குறைக்கலாம். ஒரு முனை மூடிய புழையில் 20,000 ஹெர்ட்ஸ் வேண்டுமானால் நீளம் 4 மி.மீ. சுற்று, 40,000 வேண்டுமானால் 2 மி.மீ. சுற்று. பொற்கொல்லர் அளவுக்குக் கைத்திறன் உள்ள எந்தச் சமூகமும் இதைச் செய்துவிடும். கால்ட்டன் அதைத் தம் கைத்தடிக்குள் பொருத்தி, பிடியில் இருக்கும் ரப்பர்க் குமிழை அழுத்தியபடி விலங்குக் காட்சிச்சாலையில் கூண்டு கூண்டாக நடந்தார். எந்த விலங்கு காதைத் திருப்புகிறது என்று பார்த்துக்கொண்டே போனார். இதைவிட நல்ல மந்திரக்கோல் காட்சியை என்னால் கற்பனை செய்ய முடியவில்லை.

இரண்டாவது வழி படிகம். குவார்ட்ஸ் கல்லை அழுத்தினால் அதன் முகங்களில் மின்னூட்டம் தோன்றும் என்று 1880-இல் ழாக், பியேர் கியூரி சகோதரர்கள் கண்டார்கள். மின்னூட்டத்தை மாற்றி மாற்றிக் கொடுத்தால் கல் அதிரும். முதல் உலகப் போரின்போது நீர்மூழ்கிகளைத் தேட லாஞ்செவான் என்ற பிரெஞ்சு இயற்பியலாளர் மெல்லிய குவார்ட்ஸ் துண்டுகளை இரண்டு எஃகுத் தகடுகளுக்கு நடுவே ஒட்டிக் கருவி செய்தார். உங்கள் உலகத்தில் மின்னூட்டத்தின் இடத்தை வேறொன்றுக்குக் கொடுக்கலாம். அந்த ஒரு சலுகையை வாசகர் மனமுவந்து தருவார். மீதியை உண்மையின் விதிப்படியே விடுங்கள்.

கேட்காத ஒலி இருப்பது என் பாத்திரங்களுக்கு எப்படித் தெரியும்?

எனக்கு மிகவும் பிடித்த கேள்வி இது. விடை, தீ.

1858-இல் லெகோன்ட் என்ற அமெரிக்கர் ஓர் இசைக் கூடுகையில் எரிந்த வாயு விளக்குகளின் சுடர்கள் செல்லோ வாத்தியத்தின் சுரங்களுக்கு ஏற்பத் துள்ளியதைக் கவனித்து எழுதினார். பின்னால் ஜான் டிண்டால் என்ற இயற்பியலாளர் இதை வளர்த்தெடுத்தார். குறுகிய துளை வழியே வாயுவை அழுத்தத்தோடு செலுத்தி, சுடர் சீறத் தொடங்குவதற்கு ஒரு மயிரிழை முன்னால் நிறுத்த வேண்டும். அப்போது அது நெடிதாய், அசையாமல், நூல் பிடித்தாற்போல நிற்கும். சாவிக்கொத்தைக் குலுக்கினாலும் காகிதத்தைக் கசக்கினாலும் சட்டென்று பாதிக்கும் கீழே சரிந்து, அகன்று, இரையும். ஒலி நின்றதும் மறுபடி எழும். டிண்டாலின் ஒரு சுடர் 24 அங்குல உயரம். தொலைவில் பட்டறைக்கல்லை மெல்லத் தட்டினால் 7 அங்குலத்துக்கு இறங்கிற்றாம். இத்தகைய சுடர் தாழ்ந்த ஒலியைப் பெரும்பாலும் பொருட்படுத்தாது, உயர்ந்த ஒலிக்கு நடுங்கும். காதுக்கு எட்டாத குழலொலிக்கும் நடுங்கும். ராலே பிரபு என்ற ஆங்கில இயற்பியலாளர் அத்தகைய ஒலிகளை ஆராயச் சுடரையே கருவியாக வைத்திருந்தார்.

இப்போது உங்கள் உலகத்தைப் பாருங்கள். அரண்மனை வாசலில் ஒரு சுடர்க்காவலன். இரவெல்லாம் பேசாமல் ஒரு நெடுஞ்சுடரைப் பார்த்துக்கொண்டிருப்பது அவன் வேலை. யாரும் எதுவும் கேட்கவில்லை, காற்றும் அசையவில்லை, சுடர் மட்டும் குனிகிறது. அவன் எழுந்து மணிக்கயிற்றை இழுக்கிறான்.

தீ வேண்டாம் என்றால் தூள். 1866-இல் குண்ட் என்பவர் கண்ணாடிக் குழாயில் நுண்தூளைப் பரப்பி உள்ளே ஒலியை நிற்கவைத்தார். தூள் ஒரே சீரான இடைவெளியில் குவிந்தது. இரண்டு குவியல்களுக்கு இடையிலான தூரம் அரை அலைநீளம். ஆக, கேட்காத ஒலியை அளவுகோல் வைத்து அளக்கலாம்.

இந்த மாயம் யாருக்குக் கேட்கும்?

குழந்தைகளுக்கு. இதைச் சரியாகப் பயன்படுத்தாத கதையைப் படித்தால் எனக்கு மனம் ஆறுவதில்லை. வயது ஏற ஏற மேல் எல்லை இறங்கிக்கொண்டே வரும். நடுவயதில் பலருக்கு 15,000 ஹெர்ட்ஸுக்கு மேல் கேட்பதில்லை. கால்ட்டனும் தம் குழலை வைத்து இதைக் கண்டிருந்தார். உட்செவியில் உயர்ந்த சுரங்களை உணரும் மயிரணுக்கள் சுருளின் நுழைவாயிலில் இருக்கின்றன, முதலில் தேய்வதும் அவைதான். போனவை திரும்ப முளைப்பதில்லை.

ஆகவே 16,000-க்கும் 20,000-க்கும் இடைப்பட்ட பகுதி, மீயொலியின் வாசற்படி, சிறுவர்களுக்கே உரியது. அந்த வாசற்படியில் இயங்கும் மாயத் தொழிலில் ஆசான்களுக்குத் தாங்கள் செய்வது கேட்காது. பத்து வயதுச் சீடன் பக்கத்தில் நின்று "ஐயா, சுருதி கீழே இறங்குது" என்று சொன்னால்தான் குழலைத் திருத்த முடியும். அந்தச் சீடனும் முப்பது வயதில் ஒரு நாள் குழலை ஊதிவிட்டு, தன் மாணவன் முகத்தைப் பார்க்க வேண்டியிருக்கும். அதிகாரம் முதியவர் கையில், புலன் சிறுவர் காதில். அரசியல், சுரண்டல், பாசம், துரோகம் எல்லாம் இந்த ஒரு பிளவிலிருந்தே எழுதலாம். என் நாவலின் முதுகெலும்பு இதுதான்.

ஒரு கூடுதல் செய்தி. அதிரும் பொருளைக் காதுக்குப் பின்னால் இருக்கும் எலும்பில் அழுத்திவைத்தால் 20,000-க்கு மேற்பட்ட ஒலியையும் மனிதர் உணர முடியும். ஆழ்ந்த செவிக்குறை உள்ளவர்கள் சிலருக்கும் இது கேட்பதாகச் சோதனைகளில் தெரிந்திருக்கிறது. கேளாதவள் என்று ஊர் ஒதுக்கிய பெண் படிகத்தை எலும்பில் வைத்து, மற்றவர்க்குக் கேட்காததைக் கேட்கிறாள் என்றால் அதற்கு உண்மையில் ஆதாரம் உண்டு.

ஒலியால் ஆளைத் தூக்கிப் பறக்கவைக்கலாமா?

உயர்ந்த ஒலியால் முடியாது. 40,000 ஹெர்ட்ஸ் ஒலிப்பான்களை எதிரெதிரே வரிசையாக வைத்து நானே ஒரு சின்னக் கருவி செய்து பார்த்தேன். இரண்டு பக்கத்து அலைகளும் மோதி நிலையலை உண்டாகும்போது, 4.3 மி.மீ.க்கு ஒன்றாக அசைவற்ற கணுக்கள் தோன்றும். சாமணத்தால் ஒரு தெர்மோகோல் மணியைக் கொண்டுபோய் அங்கே விட்டால் அது விழாது. கண்ணுக்குத் தெரியாத குழியில் உட்கார்ந்தது போல லேசாக நடுங்கிக்கொண்டே நிற்கும். குனிந்து பார்க்கும்போது மூச்சு பட்டு ஓடிப்போய்விட்டது. மூச்சை அடக்கிக்கொண்டு மறுபடி வைத்தேன். எத்தனை முறை பார்த்தாலும் உடம்பு சிலிர்க்கிறது.

ஆனால் கணுவுக்குள் அடங்கும் பொருளைத்தான் எளிதாகத் தாங்க முடியும், அதாவது அரை அலைநீளத்தைவிடச் சிறியதை. ஒரு மனிதன் அடங்க வேண்டுமானால் அலை 4 மீட்டராவது நீள வேண்டும். அது 86 ஹெர்ட்ஸ், அடித்தொண்டைக் குரல். அவன் எடையைத் தாங்கும் வலிமையில் அதை எழுப்பினால் அவன் உடம்பே தாங்காது. ஆகவே உங்கள் மாயவாதிகள் விதைகளையும் நீர்த்துளிகளையும் சாம்பலையும் மிதக்கவிடட்டும். நச்சுத் துளியைக் கலத்தில் படாமல் காற்றிலேயே நிறுத்திக் கலக்கும் மருத்துவச்சி, பறக்கும் வீரனைவிட என்னை அதிகம் ஈர்க்கிறாள்.

ஆயுதமாகப் பயன்படுமா?

காற்றில் தொலைவிலிருந்து என்றால் மோசமான ஆயுதம். அதிர்வெண் கூடக் கூடக் காற்று ஒலியைக் குடித்துவிடும். 40,000 ஹெர்ட்ஸில் மீட்டருக்கு ஒரு டெசிபலுக்கு மேல் போய்விடுகிறது (டெசிபல் என்பது ஒலி வலிமையின் அளவு, பத்து டெசிபல் குறைந்தால் வலிமை பத்தில் ஒரு பங்காகும்). 30 மீட்டர் தாண்டுவதற்குள் உறிஞ்சப்படுவதால் மட்டுமே வலிமை ஆயிரத்தில் ஒரு பங்குக்கும் கீழ். எவ்வளவு குடிக்கும் என்பது ஈரப்பதத்தைப் பொறுத்தும் மாறும். மிஞ்சி வந்தாலும் உடம்பின் வாசலில் நிற்க வேண்டும். காற்றிலிருந்து நீருக்குள் ஒலியாற்றலில் ஆயிரத்தில் ஒரு பங்குதான் நுழையும், நம் உடம்பும் ஒலிக்கு ஏறக்குறைய நீர்தான். மருத்துவமனையில் ஸ்கேன் எடுக்கும்போது குளிர்ந்த ஜெல்லைத் தடவுவது இந்தக் காற்றிடைவெளியை நீக்கத்தான்.

தொட்டால் கதை வேறு. 1927-இல் உட், லூமிஸ் என்ற இரு அமெரிக்கர்கள் எண்ணெய்த் தொட்டிக்குள் குவார்ட்ஸ் தகட்டைப் பெரும் வலிமையோடு அதிரவைத்தார்கள். எண்ணெய் மேடாகக் குவிந்து துளிகளைத் தெறித்தது. அதில் நட்ட கண்ணாடிக் கோலின் மறுமுனையை மரச்சில்லின் மேல் அழுத்தினால் புகைந்து துளை விழுந்தது. விரலால் பிடித்தால் சுட்டது. ஆனால் கோல் சூடாக இல்லை! வெப்பமானியையே அப்படி நட்டுப் பிடித்துப் பார்த்தார்கள். பாதரசம் சாதாரண வெப்பத்தைக் காட்டியது, விரலோ பொறுக்கவில்லை. தோலும் கண்ணாடியும் உரசும் இடத்தில் மட்டும் வெப்பம் பிறந்தது. குளிர்ந்த கோல், சுட்ட விரல். இதை யாரேனும் ஒரு கதையில் எழுத வேண்டும் என்று ஆசைப்படுகிறேன்.

நீருக்குள் இந்த மாயம் முழு உயரத்துக்கு எழுந்து நிற்கும். அங்கே ஒலி காற்றைவிட நான்கு மடங்குக்கு மேல் வேகம், நொடிக்குச் சுமார் 1,480 மீட்டர். குறைவதும் மிக மெதுவாக. லாஞ்செவானின் சோதனைத் தொட்டியில் ஒலிக்கற்றைக்குள் நீந்திய சிறு மீன்கள் செத்தன, கையை நுழைத்தவர்களுக்கு வலித்தது. வலிமை இன்னும் ஏறினால் நீரே பிளந்து நுண்குமிழிகள் தோன்றி, நசுங்கி, அந்த நொடிப்பொழுதில் மங்கிய ஒளியை உமிழும். 1934-இல் ஜெர்மனியில் முதலில் பார்த்தார்கள். ஒலியை ஒளியாக்கும் மாயம் கேட்டால் இதோ, கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது. போர்க்களத்தைக் கடலுக்கோ ஏரிக்கோ மாற்றுங்கள்.

எதிரொலியால் இருட்டில் பார்க்கும் மாயத்தை எதிரி எப்படி முறியடிப்பான்?

அந்துப்பூச்சிகளிடம் பாடம் கேட்கலாம். வௌவாலின் ஒலி கேட்டதும் சில வகைகள் இறகை மடித்து அப்படியே விழுந்துவிடும். புலி அந்து எனப்படும் வகைகளில் சில, தாமே படபடவென்று மீயொலிச் சொடுக்குகளை வீசி வௌவாலின் கணக்கைக் குழப்புகின்றன. வேறு சிலவற்றின் செதில்கள் ஒலியை உறிஞ்சி எதிரொலியை மங்கலாக்கும். மெழுகு அந்து 3,00,000 ஹெர்ட்ஸ் வரை கேட்கும் என்று 2013-இல் தெரியவந்தது. விழுதல், குழப்புதல், உறிஞ்சுதல், முன்கூட்டியே கேட்டல் என்று நான்கு உபாயமும் இருக்கின்றன. செதில் போர்வை அணிந்த ஒற்றனை என் கதையில் ஏற்கெனவே எடுத்துக்கொண்டுவிட்டேன், மற்றவை உங்களுக்கு.

கூட்டத்தில் ஒருவர் காதுக்கு மட்டும் கேட்கும்படி பேச முடியுமா?

முடியும், இது உண்மையிலேயே இருக்கிறது. வலிமையான இரண்டு மீயொலிகளை, உதாரணமாக 40,000, 41,000 ஹெர்ட்ஸ், ஒரே கற்றையாக அனுப்பினால் காற்றே அவற்றைக் கலந்து, வேறுபாடான 1,000 ஹெர்ட்ஸ் ஒலியைக் கற்றையின் வழிநெடுகப் பிறப்பிக்கும். கற்றைக்குள் நிற்பவருக்குக் கேட்கும், ஓரடி தள்ளி நிற்பவருக்கு அநேகமாக ஒன்றும் கேட்காது. அசரீரி என்று நம் கதைகள் சொல்வதற்கு இதைவிடப் பொருத்தமான கருவி கிடையாது. குரல் முழுவதையும் இப்படி அனுப்ப நுட்பமான கட்டுப்பாடு வேண்டும். ஒற்றைச் சுரமோ சீழ்க்கை மொழியோ என்றால் இரண்டு குழல்களை வைத்தே நம்பும்படி எழுதிவிடலாம்.

பாடிக் கண்ணாடிக் கோப்பையை உடைப்பது இதில் சேருமா?

சேராது. அது ஒத்ததிர்வு. கோப்பையைத் தட்டினால் எழும் அதே சுரத்தை, சில நூறு ஹெர்ட்ஸ், மிக உரக்கப் பாட வேண்டும். எல்லோருக்கும் கேட்கும்.

குணப்படுத்தும் அதிர்வெண் என்று ஒன்றை வைக்கலாமா?

கதைக்குள் உங்கள் விருப்பம். ஆனால் குறிப்பிட்ட ஒரு சுரத்தைக் கேட்டால் நோய் தீரும் என்று நிஜ வாழ்வில் விற்கப்படுவதற்கு ஆதாரம் இல்லை. கதையில் அதை உண்மைத் தகவல் போலப் பின்குறிப்பில் போடாதீர்கள், நோயாளிகள் நம்புகிறார்கள். உண்மையான மருத்துவத்திலேயே கதைக்கு வேண்டியது இருக்கிறது. பல திசையிலிருந்து வரும் மீயொலியை உடம்புக்குள் ஒரு புள்ளியில் குவித்து, மேல்தோலில் கத்தி படாமல் அந்த இடத்தை மட்டும் சுட்டுவிடுகிறார்கள். கை சற்று நழுவினால் என்ன ஆகும் என்பதும் அந்த மாயத்தின் பகுதியாக இருக்கட்டும்.

இந்த உலகத்தில் எப்படிப்பட்ட உயிர்களை வைக்கலாம்?

சங்கப் பாடல்களில் அசுணம் என்று ஓர் உயிர் வருகிறது. யாழிசைக்கு மயங்கி வெளியே வரும், பறையின் வன்மையான ஒலி கேட்டால் உயிரை விட்டுவிடும். வேட்டைக்காரன் முதலில் யாழை மீட்டி, அது அருகில் வந்ததும் பறையை அடிப்பான். ஒலியையே வலையாகவும் அம்பாகவும் கற்பனை செய்த மரபு நம்முடையது. அசுணத்தின் காதை மீயொலிக்கு நீட்டினால் போதும், உங்களுக்கு ஒரு புது விலங்கு கிடைத்துவிடும்.

நிஜ உயிர்களும் குறைந்தவை அல்ல. நாய் ஏறக்குறைய 45,000 ஹெர்ட்ஸ் வரையும் பூனை 64,000 வரையும் கேட்கும். சீனாவின் ஹுவாங்ஷான் பகுதியில் ஓடையின் இரைச்சலை மீறி மீயொலியில் கூப்பிட்டுக்கொள்ளும் தவளை ஒன்று உண்டு. இவற்றையெல்லாம்விட என்னை உலுக்கியது தக்காளிச் செடி. நீர் இல்லாமல் வாடும் செடியும் தண்டு வெட்டப்பட்ட செடியும் மணிக்கு 30 முதல் 50 முறை, 40,000 முதல் 80,000 ஹெர்ட்ஸ் வரையிலான சொடுக்குகளை எழுப்புகின்றன என்று டெல் அவிவ் ஆய்வாளர்கள் 2023-இல் வெளியிட்டார்கள். நன்றாக நீர் ஊற்றிய செடி மணிக்கு ஒரு முறைகூட எழுப்புவது அரிது. செடிக்கு வலிக்கிறது என்று இதற்குப் பொருள் இல்லை. நீர்க்குழாய்களில் குமிழி உடையும் ஓசையாக இருக்கலாம் என்கிறார்கள். ஆனாலும் மீயொலி கேட்கும் ஒரு பாத்திரம் வறட்சிக் காலத்தில் ஒரு வயலோரம் நடந்து போவதை எண்ணிப் பாருங்கள்.

கேட்காத ஒலியைத் தமிழில் எப்படி எழுதுவது?

தமிழில் ஒலிக்குச் சொற்பஞ்சம் இல்லை. சலசல, கலகல, படபட, ணங்கென்று, கீச்சென்று எல்லாமே கையில் இருக்கின்றன. இந்தக் கதையில் சிக்கலே அதுதான். இரட்டைக்கிளவியை எழுதியவுடன் வாசகரின் மனக்காதில் அது கேட்டுவிடும், மாயம் கலைந்துவிடும். நான் முதலில் எழுதிய வரைவில் "கீஈஈ" என்று நீட்டி எழுதியிருந்தேன். படித்துப் பார்த்தபோது கொசு போல இருந்தது, அடித்துவிட்டேன்.

இப்போது நான் கடைப்பிடிப்பது இது. கேட்காத பாத்திரத்தின் பார்வையில் எழுதும்போது ஒலிக்குச் சொல்லே தருவதில்லை, விளைவை மட்டும் சொல்கிறேன். தூங்கிய நாயின் காது நிமிர்கிறது, தகட்டின் மேல் மணல் கோடு கோடாக ஒதுங்குகிறது, கிண்ணத்து நீர்ப்பரப்பு தேய்த்த வெள்ளி போல மங்குகிறது. கேட்கும் பாத்திரத்தின் பார்வைக்கு மாறும்போது காதின் சொற்களை விட்டுவிட்டுத் தொடுதலின் சொற்களை எடுக்கிறேன்: கூசுகிறது, நெருடுகிறது, பல்லின் வேரில் ஏறுகிறது. கதை முழுதும், மீயொலி கேட்கும் என் நாயகியான சிறுமிக்கென்று ஒரே ஒரு புதிய கிளவியை உருவாக்கி வைத்திருக்கிறேன். அவள் மட்டுமே அதைச் சொல்வாள். கடைசி அத்தியாயத்தில் அவள் தன் சீடனிடம், இப்போது அது கேட்கிறதா என்று அந்தச் சொல்லை வைத்தே கேட்பாள்.